ஊதாங்கோல்: மாயலோகக் கதைக்கு ஒலிப் பீரங்கி செய்யும் முறை

போன வைகாசியில் என் தங்கச்சி மகன் ஒரு நோட்டைக் கொண்டுவந்து திண்ணையில் வைத்தான். பெருந்துறைப் பக்கம் இன்ஜினியரிங் படிக்கிறவன், ராத்திரியில் மாயலோகக் கதை எழுதுகிறான். பதினோராம் அத்தியாயத்தில் ஒரு ஒலிப் பீரங்கி. நாயகன் நெம்புகோலை இழுக்கிறான். ‘டொம்.’ எதிரே கோட்டை மாவாகக் கொட்டுகிறது. நாயகன் பீரங்கிக்குப் பக்கத்திலேயே நின்று மீசையைத் தடவிக்கொள்கிறான்.

“ஏன் மாப்ளே, கோட்டையை மாவாக்குன சத்தம் பக்கத்துல நிக்கறவன் காதுக்குப் போகலையா?”

“அவன் ஈரோவுங்க மாமா.”

நான் காங்கேயத்துக்கும் சென்னிமலைக்கும் நடுவில் 33 வருசம் மைக் செட் ஓட்டினவன். நோம்பி என்கிற ஊர்த் திருவிழா, கண்ணாலம், காதுகுத்து, எழவு எல்லாவற்றுக்கும் குழாய் கட்டியிருக்கிறேன். எனக்கு இடது காது பாதிதான் கேட்கும். மீதிப் பாதியில் ஒரு ‘கீ’ ஓடிக்கொண்டே இருக்கும். படுத்து விளக்கை அணைத்தால் இன்னும் ஜோராகக் கேட்கும். அந்தப் பக்கத்தை என்னால் அப்படியே விட முடியவில்லை. பதினைந்து நாள் பையனோடு உட்கார்ந்து பீரங்கியை அடியிலிருந்து திரும்பச் செய்தோம். அந்த முறையைத்தான் இங்கே எழுதுகிறேன். கதை எழுதுகிறவர்களுக்கும் ஆகும், பகடை உருட்டும் போர் விளையாட்டுக்கு விதி எழுதுகிறவர்களுக்கும் ஆகும்.

முதலில் காது

எல்லாரும் குழாயிலிருந்து ஆரம்பிப்பார்கள். நீங்கள் பின்னால் நிற்கிறவன் காதிலிருந்து ஆரம்பியுங்கள்.

ஒரு ஊர் மாரியம்மன் நோம்பி. பனைமரத்தில் நாலு குழாய் கட்டியிருந்தேன். அதில் ஒன்று கரகரவென்றது. ஆம்ப்ளிஃபயரை அணைத்துவிட்டு ஏணி போட்டு ஏறி, குழாயின் பின்னால் சத்தம் எழுப்பும் யூனிட்டின் திருகைக் கழற்றிக்கொண்டிருந்தேன். கீழே ஒரு பொடியன், மைக்கில் பேசிப் பார்க்கும் ஆசையில் ஸ்விட்சைப் போட்டு, வால்யூமை முழுக்கத் திருகி, மைக்கைத் தூக்கிக் குழாய்க்கு நேராகக் காட்டிவிட்டான். ஊளை கிளம்பியது. என் தலை குழாய் வாயிலிருந்து ஒரு முழம். வலி என்றுகூடச் சொல்ல வராது. காதுக்குள்ளிருந்து ஒரு கட்டைவிரல் வெளியே தள்ளுவது போல இருந்தது. இறங்கி வந்தேன். சுற்றி நின்றவர்கள் வாயெல்லாம் அசைந்தது, ஒன்றும் கேட்கவில்லை. மூன்றாம் நாள் வலது காது திரும்பி வந்தது. இடதுக்கு அந்த ‘கீ’ மட்டும் வந்தது.

அது 40 வாட் யூனிட். பீரங்கி அல்ல.

ஆகவே முதல் வேலையாக ஒரு தாளில் எழுதிக்கொள்ளுங்கள்: பீரங்கியை இயக்குகிறவர்கள் எத்தனை பேர், எங்கே நிற்கிறார்கள், முதல் வெடிக்குப் பிறகு அவர்களுக்கு என்ன கேட்கும், பத்தாவது வெடிக்குப் பிறகு என்ன கேட்கும். இதற்குப் பதில் இல்லாமல் குழாயைத் தொடாதீர்கள்.

இரண்டு கணக்கு மனப்பாடமாக இருக்கட்டும். சத்தத்தை அளக்கும் டெசிபலில் 10 கூடினால் ஒலியின் வலிமை பத்து மடங்கு. தூரம் இரட்டித்தால் 6 டெசிபல் குறையும். 120, 130 டெசிபலில் காது வலிக்கத் தொடங்கும். 150ஐத் தாண்டி 160 பக்கம் போனால் செவிப்பறையே கிழியலாம். மேலே ஒரு கூரையும் உண்டு: நாம் மூச்சு விடும் இந்தக் காற்றில் 194 டெசிபலுக்கு மேல் ஒழுங்கான ஒலி அலை இருக்க முடியாது. அலையின் பள்ளத்தில் காற்றே இல்லாமல் போய்விடும்; அதற்கு மேல் போனால் அது ஒலி அல்ல, வெடி அதிர்ச்சி. உங்கள் பீரங்கி 500 டெசிபல் என்று எழுதினால் என்னைப் போன்ற ஆள் அந்த இடத்திலேயே நோட்டை மூடிவிடுவான்.

சத்தத்தை எங்கிருந்து எடுப்பது

பையன் முதலில் மாட்டைப் பூட்டினான். செக்கு மாதிரி சுற்றி, பல்சக்கரம் வைத்து, ஓட்டை போட்ட தட்டு ஒன்றை வேகமாகச் சுழற்றி, துருத்திக் காற்றை அதில் அடிப்பது. இது நல்ல யோசனை. மாயம் ஒன்றும் வேண்டாம். 1819இல் காக்னியார் த லா தூர் என்ற பிரெஞ்சுக்காரர் செய்த சைரன் இதேதான். தட்டில் 60 ஓட்டை, விநாடிக்கு 10 சுற்று என்றால் 600 அதிர்வு. எந்தக் கருமானும் செய்யக்கூடியது.

ஆனால் திறன் பற்றாது. 1950களில் அமெரிக்காவில் வான்தாக்குதல் எச்சரிக்கைக்கு கிரைஸ்லர் கம்பெனி ஒரு சைரன் செய்தது. 180 குதிரைத்திறன் கார் இன்ஜின் வைத்தது. 100 அடி தூரத்தில் 138 டெசிபல். ஒரு சோடி காங்கேயம் காளைக்கு ஒரு குதிரைத்திறன் என்று தாராளமாகப் போட்டாலும் 180 சோடி வேண்டும். அத்தனை மாட்டைப் போர்க்களத்தில் சுற்றவிட்டால் எதிரி பீரங்கியைப் பார்த்து ஓட மாட்டான், மாட்டுச் சந்தை என்று விலை கேட்க வருவான்.

மாயம் தேவைப்படுவது இந்த இடத்தில்தான். ஒரே ஒரு இடத்தில் மட்டும் வையுங்கள். மிச்சமெல்லாம் உலகத்து விதிப்படியே நடக்கட்டும்.

எங்கள் மாயத்துக்கு நொய்யல் கரைதான் கை கொடுத்தது. கொடுமணலில் தோண்டியபோது இரும்பு உருக்கிய உலையும், படிகக் கல்லில் மணி செய்த பட்டறையும் கிடைத்தது தெரிந்திருக்கும். அந்தப் படிகத்துக்கு ஒரு குணம் உண்டு: அழுத்தினால் மின்சாரம் தரும். 1880இல் கியூரி சகோதரர்கள் கண்டது. கடிகாரத்துக்குள் இருப்பதும் அதே சாதிக் கல்தான். பையன் அதை ஒரு முழம் இழுத்தான்: அவன் உலகத்துப் படிகம் சத்தத்தையே குடிக்கும். கேட்பதையெல்லாம் வருசக்கணக்கில் உள்ளே வைத்திருந்து, ஒரு தட்டுத் தட்டினால் மொத்தத்தையும் அரை விநாடியில் கக்கிவிடும்.

“அப்போ கல்லுக்குச் சத்தத்தை எங்க மாப்ளே ஊட்டுவே?”

கொஞ்ச நேரம் பேனாவைக் கடித்தான். “நோம்பியிலங்க மாமா” என்றான்.

எனக்குச் சிலிர்த்துவிட்டது. ஒரு ஊர்க் கோயிலில் கல்லை வைத்துவிடுகிறார்கள். மூன்று ராத்திரி நாயனம், கொம்பு, தாரை, உருமி, பறை எல்லாம் அடிக்கிறார்கள், கல் குடிக்கிறது. கல் குடித்த சத்தம் யாருக்கும் கேட்காது. குச்சி ஏறி இறங்கும், கன்னம் உப்பும், சத்தம் இருக்காது. ஒரு குண்டுக்கு ஒரு ஊர் நோம்பி.

இனிக் கணக்கு

விலை தெரிந்துவிட்டது. அந்த விலைக்கு என்ன வரும்?

30 பேர் செட் என்று வையுங்கள். ஓங்கி ஊதுகிற ஆளுக்கு மூன்றில் ஒரு வாட் ஒலித்திறன், அதுவே தாராளம். ஆக 10 வாட். என் ஆம்ப்ளிஃபயரில் 250 வாட் என்று போட்டிருக்குமே என்பீர்கள். அது கரண்ட் வாட், காற்றில் ஒலியாக மாறுவது அதில் கொஞ்சம்தான். ராத்திரிக்கு 6 மணி நேரம், 3 ராத்திரி, மொத்தம் 64,800 விநாடி. பத்தால் பெருக்கினால் 6,48,000 ஜூல் ஆற்றல்.

பெரிதாகத் தெரியும். ஒரு கிலோ கருமருந்தில் ஏறக்குறைய 30 லட்சம் ஜூல் இருக்கிறது. அதாவது ஒரு ஊரின் மூன்று ராத்திரி மேளமும் கால் கிலோவுக்குக் குறைவான வெடிமருந்தும் ஒன்று.

இந்த எண்ணைப் பார்த்ததும் பையன் முகம் வாடிவிட்டது. கோட்டை போச்சு. நான் அவனுக்குச் சொன்னது: கோட்டையை இடிப்பது இரும்புக் குண்டின் வேலை. ஓடாநிலையில் தீரன் சின்னமலை கட்டிய கோட்டையை வெள்ளைக்காரன் உடைத்தது சத்தத்தால் அல்ல. சத்தத்துக்கு வேறு வேலை இருக்கிறது, அதைச் செய்யவிடு.

அந்த 6,48,000 ஜூலையும் அரை விநாடியில் கக்கினால் 13 லட்சம் வாட். மூன்று மீட்டர் அகல வாய் வழியாக விட்டால், வாயில் 172 டெசிபல். கூரைக்குக் கீழேதான் இருக்கிறது, நல்லது. 100 மீட்டரில் 153. 200இல் 147, 400இல் 141, 800இல் 135. வழியில் காற்று தின்பது தனி. அதற்கும் சேர்த்து இன்னும் கொஞ்சம் கழித்துக்கொள்ளுங்கள். ஆக அரைக் கிலோமீட்டரில் நிற்கிற குதிரை மிரளும், மாடு மூக்கணாங்கயிற்றை அறுக்கும், தளபதி போடும் கட்டளை ஒருவனுக்கும் கேட்காது. சுவரில் சுண்ணாம்பு உதிரும், சுவர் நிற்கும். இந்தப் படை சண்டையை ஜெயிப்பது எதிரியின் மாட்டைக் கலைத்துத்தான்.

இப்போது பின்பக்கம். நல்ல குழாய் பின்னால் 20 டெசிபல் குறைத்துக் காட்டும் என்று வைப்போம். 172இல் 20 போனால் 152. நூறு மீட்டரில் எதிரி வாங்குவதை, குழாயை ஒட்டி நிற்கிற நம் ஆளும் வாங்குகிறான். பையன் இந்த வரியை நோட்டில் சிவப்பு மையில் எழுதிக்கொண்டான்.

இன்னொன்று, பலர் மறப்பது: சத்தத்துக்கும் உதைப்பு உண்டு. திறனை ஒலியின் வேகத்தால் வகுத்தால் தள்ளுவிசை வரும். 13 லட்சத்தை 343ஆல் வகுத்தால் சுமார் 3,800 நியூட்டன். 390 கிலோ எடை அரை விநாடி பின்னால் தள்ளுவது மாதிரி. சக்கரத்துக்கு முட்டுக் கொடுக்காவிட்டால் வண்டி பின்னால் நிற்கிறவன் காலில் ஏறும். காதும் போய்க் காலும் போகும்.

குழாய்

இதில் எனக்குக் கொஞ்சம் கர்வம் உண்டு, நிறையப் பேசுவேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

குழாய் சத்தத்தைப் பெருக்குவதில்லை. யூனிட்டில் இருக்கும் சின்னத் தகடு தன்னந்தனியாக ஆடினால் காற்று அதற்குப் பிடி கொடுக்காது. வெறுங்கையால் தண்ணீரை அறைவது போல நழுவும். கழுத்து குறுகலாக ஆரம்பித்து மெல்ல மெல்ல அகலும் குழாயை மாட்டினால், தகடு முதலில் கொஞ்சம் காற்றை இறுக்கிப் பிடித்துத் தள்ளுகிறது, அந்தக் காற்று அடுத்த அகலத்தைத் தள்ளுகிறது, கடைசியில் வாய் முழுக்கச் சேர்ந்து வெளிக்காற்றைத் தள்ளுகிறது. படிப்படியாகப் பிடி மாற்றிக் கொடுக்கும் வேலை. சடாரென்று அகன்றால் அந்தப் பிடி விட்டுப்போகும். நாயனத்தின் அகன்ற வாய்ப் பாகமான அணைசைக் கையில் எடுத்துப் பாருங்கள், அதே வேலைதான்.

வாய் எவ்வளவு அகலம்? குழாய் கொடுக்க வேண்டிய மிகத் தாழ்ந்த சுரத்தின் அலை நீளமும் வாயின் சுற்றளவும் ஒன்றாக இருக்க வேண்டும். விநாடிக்கு 100 அதிர்வு என்றால் அலை நீளம் 3.4 மீட்டர், வாய் குறுக்களவு 1.1 மீட்டர். 30 அதிர்வு வேண்டுமென்றால் 3.6 மீட்டர், ஒரு அறை அகலம். மைக் செட் குழாய் வாய் இரண்டு அடிதான். 180க்குக் கீழே அதற்கு வராது. அதனால்தான் அதில் யார் பாடினாலும் சளி பிடித்த மாதிரி இருக்கிறது.

குழாயை வெண்கலத்தில் வார்க்கலாம் என்று தோன்றும். கூடாது. நாலு பங்கு செம்புக்கு ஒரு பங்கு வெள்ளீயம் சேர்த்தால் அது மணிக்கு. தட்டினால் தானே பாட ஆரம்பிக்கும். குழாய் பாடக் கூடாது, பேசாமல் இருக்க வேண்டும். பார்த்துத் தெரிந்துகொள்ள அனுப்பர்பாளையத்தில் ஒரு பட்டறையில் ஒரு அடி நீளப் பித்தளைக் குழாய் அடிக்கச் சொல்லி வாங்கினோம். சுத்தியல் பட்ட இடமெல்லாம் மீன் செதில் மாதிரி மின்னியது. விளிம்பை நகத்தால் சுண்டினால் ‘ணங்’ என்று நாலு விநாடி நின்றது. பழைய சைக்கிள் டியூபை நீளவாக்கில் வெட்டி, கழுத்திலிருந்து வாய்வரை இறுக்கிச் சுற்றினேன். கரகரக்கும் குழாய்க்கு எங்கள் தொழிலில் செய்யும் வைத்தியம். திரும்பச் சுண்டினால் ‘டப்’ என்று செத்துவிட்டது. பையன் உள்ளங்கையை அதன் மேல் வைத்துப் பார்த்தான். அவன் கதையில் குழாய்க்குள்ளே பித்தளைத் தகடு, வெளியே வாகை மரச் சட்டம், இரண்டுக்கும் நடுவில் எருமைத் தோல்.

எந்தக் கல், எந்தச் சத்தம்

பெரிய சிக்கல் இது. தாழ்ந்த சத்தம் வயிற்றைக் கலக்கும், ஆனால் குறி வைக்க முடியாது. உயர்ந்த சத்தத்தைக் குறி வைக்கலாம், ஆனால் ஒரு மண்சுவருக்குப் பின்னால் குனிந்தால் தப்பிக்கலாம்.

அலை நீளத்தைவிட வாய் எத்தனை மடங்கு அகலமோ அத்தனை கூர்மை. மூன்று மீட்டர் வாயில் 1,000 அதிர்வு ஊதினால் நடுக்கோட்டிலிருந்து இருபக்கமும் 8 டிகிரிக்குள் அடங்கும். நூறு மீட்டரில் 28 மீட்டர் அகல வட்டம். அதே வாயில் 100 அதிர்வு ஊதினால் நாலாபக்கமும் போகும், உங்கள் கூடாரம் உட்பட. மேலே சொன்ன 153, 147 எல்லாம் கூர்மையான சத்தத்துக்குப் போட்ட கணக்கு.

எனவே கல்லை இரண்டு விதமாகப் பிரியுங்கள். நாயனமும் தாரையும் குடித்த கல் ‘கூர்க்கல்’. உருமியும் பெரிய பறையும் குடித்த கல் ‘மந்தக்கல்’. நோம்பிக்கு ஊர்க்காரர்கள் கலந்துதான் அடிப்பார்கள், அப்படிக் கலந்த கல் சல்லடை போடாத மணல் மாதிரி. மலிவு, நம்ப முடியாது. படை அதிகாரி ஊருக்கு வந்து, “இந்த வருசம் உருமி வேண்டாம், நாயனம் மட்டும் ஊதுங்கோ” என்று சொன்னால் அந்த ஊரில் என்ன நடக்கும்? உருமிக்காரன் வீட்டில் என்ன பேச்சு நடக்கும்? பீரங்கியைப் பற்றி நாலு பக்கம் எழுதுவதைவிட இதை ஒரு பக்கம் எழுதலாம். பையன் இதில் மட்டும் மூன்று அத்தியாயம் எடுத்தான்.

மூன்றாவதாக வளையக் குண்டு. இது ஒலி அல்ல, காற்று வளையம். 1896இல் ஆஸ்திரியாவில் ஆல்பர்ட் ஸ்டிகர் என்ற திராட்சைத் தோட்டக்காரர் ஆலங்கட்டி மழையை விரட்ட வானத்தைப் பார்த்துப் புனல் பீரங்கி வைத்துச் சுட்டார். அதிலிருந்து சீழ்க்கையோடு வளையம் கிளம்பும். ஆலங்கட்டி அதற்கெல்லாம் அஞ்சவில்லை. வீட்டிலேயே செய்து பார்க்கலாம்: பிளாஸ்டிக் வாளியின் அடியில் கையளவு வட்டமாக ஓட்டை போடுங்கள், வாளி வாயில் பழைய ரப்பர் ஷீட்டை இழுத்துக் கட்டுங்கள், உள்ளே ஊதுபத்திப் புகையை அடைத்து ஷீட்டில் ஒரு தட்டு. புகை வளையம் பத்தடி போய் மெழுகுவத்தியை அணைக்கும். கதையில் தீப்பந்தம் அணைக்க ஆகும், அதற்கு மேல் ஆசைப்படாதீர்கள்.

காற்றும் பொழுதும்

பகலில் சுடாதீர்கள். காங்கேயத்து மேய்ச்சல் நிலமான கொறங்காட்டில் மத்தியானம் நின்றிருக்கிறீர்களா? தரை கொதிக்கும், மேலே போகப் போகச் சூடு குறையும். சூடான காற்றில் ஒலி வேகமாகப் போகும், அதனால் அலை மேல்நோக்கி வளைந்து ஆகாசத்துக்குப் போய்விடும். விடியற்காலம் இது தலைகீழ்: தரை குளிர்ந்திருக்கும், ஒலி கீழ்நோக்கி வளைந்து தரையைத் தடவியே போகும். மார்கழி நாலு மணிக்கு மூன்று ஊர் தாண்டிய கோயில் குழாய் உங்கள் தலையணைக்குப் பக்கத்தில் பாடுவது இதனால்தான். அந்தக் குழாய்க்காரன் வால்யூமைக் கூட்டவில்லை, அவனைத் திட்டாதீர்கள். நான் நிறைய வாங்கியிருக்கிறேன்.

ஆடிக் காற்றைக் கதையில் விட்டுவிட்டால் அது கொங்கு நாடே அல்ல. பாலக்காட்டுக் கணவாய் வழியாக வரும் மேற்குக் காற்று பல்லடம், உடுமலை பக்கமெல்லாம் காற்றாலையைச் சுழற்றுகிறது. தரையைவிட உயரத்தில் காற்றுக்கு வேகம் அதிகம். அதனால் காற்றோடு போகும் ஒலி கீழே வளையும், எதிர்த்துப் போகும் ஒலி மேலே வளைந்து எதிரி தலைக்கு மேல் போய்விடும். ஆடியில் மேற்கே நிற்கிற படைக்குத்தான் பீரங்கி வேலை செய்யும். கிழக்குப் படை ஐப்பசிவரை காத்திருக்க வேண்டும். பையனின் போர் மூன்று மாதம் இழுத்ததற்குக் காரணம் இப்படித் தானாக வந்து விழுந்தது.

மலைக்கு நேராகவும் வேண்டாம். சிவன்மலை மாதிரி ஒரு பாறை அரைக் கிலோமீட்டரில் இருந்தால், சுட்டு மூன்று விநாடிக்குள் உங்கள் குண்டு உங்களிடமே வரும். தூரம் கணக்கிட, விநாடிக்கு 343 மீட்டர் என்பது 20 டிகிரி வெப்பத்துக்கு. சித்திரையில் 35 டிகிரிக்கு 352. ஓடுகிற குதிரைமேல் ஒரு கிலோமீட்டரில் சுட்டால் சத்தம் போய்ச் சேர்வதற்குள் குதிரை முப்பது மீட்டர் நகர்ந்திருக்கும். முன்னால் பிடியுங்கள்.

ஆட்களும் தாளமும்

ஐந்து பேர் போதும். கல் வைப்பவன், முட்டுக் கொடுப்பவன், திருப்புபவர் இருவர், தட்டுபவன். முதல் வெடிக்குப் பிறகு வாய்க் கட்டளை செல்லாது. கொடி காட்டலாம், விடியற்காலத்தில் தெரியாது. அப்போது அரச்சலூர் ஞாபகம் வந்தது.

ஈரோட்டுக்குத் தெற்கே அரச்சலூர் நாகமலைக் குகையில் தமிழ் பிராமிக் கல்வெட்டு ஒன்று இருக்கிறது. தேவன் சாத்தன் என்ற மணி வண்ணக்கன் பெயர் அதில் இருக்கிறது. கூடவே ‘த, தை, தா, தே’ என்று தாளச் சொற்கட்டு, வரிக்கு ஐந்தாக ஐந்து வரி. இடமிருந்து படித்தாலும் வலமிருந்து படித்தாலும், மேலிருந்து படித்தாலும் கீழிருந்து படித்தாலும் ஒன்றாகவே வரும். வண்ணக்கன் என்றால் மணியின் தரம் பார்க்கிறவர். கல்லின் தரம் பார்க்கிறவர் தாளத்தைக் கல்லில் வெட்டினார் என்றால் எங்கள் கதைக்கு இதைவிட என்ன வேண்டும்?

ஐந்து வரிக்கு ஐந்து ஆட்கள். ஒருவன் தோளை அடுத்தவன் தட்டுகிறான், ஐந்து தட்டு. தட்டு முடிந்தால் அவன் வேலை, பிறகு அடுத்த தோள். எந்தப் பக்கமிருந்து ஆரம்பித்தாலும் தாளம் மாறாது, அதனால் முதல் ஆள் விழுந்துவிட்டால் கடைசி ஆள் தொடங்கலாம். செவிடான ஐந்து பேர் ஒரு தப்பும் இல்லாமல் பீரங்கி இயக்குவார்கள். இதைப் பையனும் நானும் திண்ணையில் தட்டிப் பார்த்தோம், என் தங்கச்சி காப்பி கொண்டுவந்தவள், “ரெண்டு பேத்துக்கும் என்னாச்சு?” என்று தம்ளரை வைத்துவிட்டுப் போனாள்.

எதிரி சும்மா இருக்க மாட்டான். பஞ்சில் மெழுகு தோய்த்துக் காதை அடைப்பான்; 30 டெசிபல் போச்சு. மூன்று இடத்தில் ஆள் நிறுத்தி, எவனுக்கு முதலில் கேட்டது, எவனுக்கு எவ்வளவு பிந்திக் கேட்டது என்று பார்த்துப் பீரங்கி இருக்கும் இடத்தையே கண்டுபிடிப்பான். முதல் உலகப்போரில் வில்லியம் லாரன்ஸ் பிராக் என்ற பிரிட்டிஷ் விஞ்ஞானி இதைத்தான் செய்தார். 1915இல் 25 வயதில் நோபல் பரிசு வாங்கியவர், அந்தப் போரிலேயே ஒலியை வைத்து ஜெர்மன் பீரங்கிகளைத் தேடிக்கொண்டிருந்தார். எனவே ஒரு இடத்தில் இரண்டு வெடிக்கு மேல் வேண்டாம். மாட்டைப் பூட்டித் தயாராக வையுங்கள், அதன் காதுக்கும் பஞ்சு வையுங்கள்.

பெயர்

பையன் ‘பேரொலிப் பொறி’ என்று வைத்திருந்தான். அரண்மனை ஓலையில் அப்படியே இருக்கட்டும். தூக்கிச் சுமக்கிறவர்கள் அப்படிக் கூப்பிட மாட்டார்கள். எங்கள் அமுச்சி, அம்மாவைப் பெற்றவள், அடுப்பூதும் இரும்புக் குழலை வைத்துக்கொண்டு எங்களையும் ரெண்டு போடுவாள். அதன் பெயரையே வைத்தோம். “ஊதாங்கோலைத் திருப்புங்கடா” என்றால் அது படை.

ஆவணியில் பதினோராம் அத்தியாயத்தைத் திரும்ப எழுதிக் கொண்டுவந்தான். கோட்டை நின்றுகொண்டிருக்கிறது. மீசை தடவுகிறவன் இல்லை. தட்டுபவன் போர் முடிந்து தன் ஊர் நோம்பிக்குப் போகிறான். கல்லை எடுத்துவிட்டார்கள், அந்த வருசம்தான் மேளம் திரும்பக் கேட்கிறது. ஊரே அழுகிறது, கும்மி அடிக்கிறது. அவன் கோயில் தூணில் சாய்ந்து உருமிக்காரன் கையைப் பார்த்துக்கொண்டிருக்கிறான். அதோடு பக்கம் பாதியில் நின்றிருந்தது.

“இவனுக்கு ஒண்ணுமே கேக்காதுங்களா மாமா?”

“கேக்கும். ‘கீ’ன்னு போடு.”

“எத்தனை தடவைங்க?”

“பக்கம் நெறையற வரைக்கும்.”